மூணு நிமிட ராப், முப்பது வருஷப் பாதரசம்: 'கொடைக்கானல் வோன்ட்' பாடல் என்ன செய்தது?

கொடைக்கானல்னு சொன்னதும் என்ன ஞாபகம் வரும்? குணா குகை, ஏரியில் படகு சவாரி, ஹோம்மேட் சாக்லேட். 2024இல் 'மஞ்சும்மல் பாய்ஸ்' ஓடிய பிறகு அந்தக் குகைக்கு வந்த புதுக் கூட்டம். ஆனா ஊருக்குள்ளேயே, செயின்ட் மேரீஸ் சாலையில், 2001இல் பூட்டப்பட்ட ஒரு தொழிற்சாலை வளாகம் இருப்பது எந்த ரீல்ஸிலும் வராது.

அந்த வளாகத்தை உலகம் முழுக்கத் தெரியவைத்தது ஒரு ராப் பாடல். 2015 ஜூலை 30 அன்று யூடியூபில் வெளியானது. பெயர் 'கொடைக்கானல் வோன்ட்'. பாடியவர் சென்னையைச் சேர்ந்த சோபியா அஷ்ரஃப். நீளம் சுமார் மூன்று நிமிடம். பாடலின் எதிராளி டவ், லக்ஸ், சர்ஃப் எக்ஸல் என நம்ம வீட்டு பாத்ரூம் அலமாரியில் பாதியை நிரப்பி வைத்திருக்கும் யூனிலீவர். வெளியான ஏழே மாதங்களில், 591 முன்னாள் தொழிலாளர்களுடன் அந்த நிறுவனம் சமரச ஒப்பந்தம் போட்டது.

"ஒரு பாட்டு போட்டாங்க, கம்பெனி இறங்கி வந்துச்சு" என்று இந்தக் கதையை ஒரே வரியில் சொல்லிவிடலாம். பலரும் அப்படித்தான் சொல்கிறார்கள். அது பாதி உண்மை. மீதிப் பாதிதான் இன்னும் சுவாரஸ்யமானது.

முதலில் அந்தத் தொழிற்சாலை

காய்ச்சல் பார்க்கும் தெர்மாமீட்டர். இன்றைக்குப் பட்டனை அமுக்கினா 'பீப்' சத்தம் வரும் டிஜிட்டல் கருவி. 90களில் பிறந்தவர்களுக்குக் கண்ணாடிக் குழாயும், உதறி உதறிப் பாதரசத்தைக் கீழே இறக்கிய அம்மாவின் கையும் ஞாபகம் இருக்கும். அந்தக் கண்ணாடித் தெர்மாமீட்டரைத் தயாரித்த ஆலை முதலில் அமெரிக்காவின் நியூயார்க் மாநிலத்தில், வாட்டர்டவுன் என்ற ஊரில் இருந்தது. செஸ்ப்ரோ பாண்ட்ஸ் நிறுவனத்துக்குச் சொந்தமானது. அங்கே மூடப்பட்ட அந்த ஆலை 1980களின் தொடக்கத்தில் கொடைக்கானலுக்கு இடம்பெயர்ந்தது. சில ஆண்டுகளில் செஸ்ப்ரோ பாண்ட்ஸை யூனிலீவர் உலக அளவில் வாங்கியது. அப்படித்தான் இந்தத் தொழிற்சாலை அப்போதைய ஹிந்துஸ்தான் லீவர் கைக்கு வந்தது. 2007க்குப் பிறகு அதன் பெயர் ஹிந்துஸ்தான் யூனிலீவர்.

இதில் ஒரு விஷயத்தைக் கவனிக்கணும். பாதரசமும் கண்ணாடியும் பெரும்பாலும் அமெரிக்காவிலிருந்து வந்தன. தயாரான தெர்மாமீட்டர்களும் முக்கியமாக வெளிநாட்டுக்கே போயின. கொடைக்கானலில் தங்கியது சம்பளமும் கழிவும்.

பாதரசம் அறை வெப்பநிலையிலேயே திரவமாக இருக்கும் உலோகம். தரையில் சிந்தினால் குண்டுமணி போல உருண்டு ஓடும், பார்க்க அழகாக இருக்கும். பிரச்சினை என்னவென்றால், அது சும்மா கிடக்காது. மெல்ல ஆவியாகிக்கொண்டே இருக்கும். அந்த ஆவிக்கு நிறமும் இல்லை, மணமும் இல்லை. மூச்சில் போனால் ஏறத்தாழ 80 சதவீதம் நுரையீரல் வழியாக ரத்தத்தில் கலந்துவிடும். நரம்பு மண்டலத்தையும் சிறுநீரகத்தையும் பாதிக்கும். கை நடுக்கம், தூக்கமின்மை, ஈறு வீக்கம், ஞாபக மறதி என அறிகுறிகள் எல்லாம் வேறு எதற்கோ வரும் அறிகுறிகள் மாதிரியே இருக்கும். 'இது பாதரசத்தால்தான் வந்தது' என்று ஒரு தொழிலாளி நிரூபிப்பது ஏன் அவ்வளவு கஷ்டம் என்பதற்கு இதுவே பாதிக் காரணம்.

ஒரு தெர்மாமீட்டருக்குள் இருப்பது ஏறக்குறைய அரை கிராம் முதல் ஒரு கிராம் வரையிலான பாதரசம். ஆனால் அதைக் குழாய்க்குள் ஏற்றி, நுனியைச் சூடாக்கி அடைத்து, அளவுக்கோடு சரியாக இருக்கிறதா என்று சோதிக்கும் ஒவ்வொரு கட்டத்திலும் கண்ணாடி உடையும். உடைந்தால் சிந்தும். தினமும், வருஷக்கணக்கில்.

2001 மார்ச்சில் ஊர்க்காரர்களும் கிரீன்பீஸ் அமைப்பினரும் சேர்ந்து ஒரு பழைய இரும்புக் கடையைக் காட்டினார்கள். மூஞ்சிக்கல் பகுதியில், மக்கள் நடமாட்டமுள்ள இடத்தில், பாதரசம் ஒட்டிய உடைந்த தெர்மாமீட்டர் கண்ணாடி குவிந்து கிடந்தது. பிறகு அங்கிருந்து அள்ளப்பட்டது ஏழு டன்னுக்கும் மேல். தங்கள் விதிமுறைகளை மீறி அந்தக் கழிவு விற்கப்பட்டதை நிறுவனமே ஒப்புக்கொண்டது. ஆலை அந்த மாதமே நின்றது. பிறகு திறக்கவே இல்லை. 2003இல் கண்ணாடிக் கழிவு, பாதி முடிந்த தெர்மாமீட்டர்கள், மிச்சப் பாதரசம் எல்லாம் சேர்த்துச் சுமார் 290 டன் கப்பலேற்றப்பட்டு, அமெரிக்காவின் பென்சில்வேனியாவில் உள்ள மறுசுழற்சி ஆலைக்குப் போனது. அமெரிக்காவிலிருந்து வந்த பாதரசம் அமெரிக்காவுக்கே திரும்பிய வினோதப் பயணம் அது. ஆனால் எல்லாமும் திரும்பவில்லை. ஆலை வளாகத்தின் மண்ணில் கலந்தது அங்கேயே இருந்தது. வளாகத்தை ஒட்டிச் சரிவில் இருப்பது பாம்பார் சோலை, மலைக்காடு. கொடைக்கானல் ஏரியின் வண்டலிலும் மீனிலும் பாதரசம் கூடுதலாக இருப்பதை அணுசக்தித் துறை விஞ்ஞானிகளின் ஆய்வு பதிவு செய்தது.

பதினாலு வருஷம் யாரும் கேட்கலையா?

கேட்டார்கள். அதுதான் இந்தப் பாடலின் பின்னணியில் அதிகம் பேசப்படாத பகுதி.

ஆலை மூடப்பட்ட பிறகு முன்னாள் தொழிலாளர்கள் சங்கம் அமைத்தார்கள். ஊர்வலம், மனு, ஆட்சியர் அலுவலகம், மருத்துவ முகாம் என்று அலைந்தார்கள். 2006இல் சென்னை உயர் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டார்கள். நீதிமன்றம் அமைத்த நிபுணர் குழு, தொழிலாளர்களின் உடல்நலக் கோளாறுகளுக்கும் ஆலை வேலைக்கும் உள்ள தொடர்பை உறுதி செய்யவில்லை. தொழிலாளர்கள் அதை ஏற்கவில்லை. பின்னர் 2011இல் மத்திய தொழிலாளர் துறை அமைச்சகத்தின் அறிக்கை, பாதரசத்தால் பாதிப்பு இருந்திருக்கிறது என்ற திசையில் பேசியது. நிறுவனமோ தொடக்கம் முதலே, பல ஆய்வுகளை மேற்கோள் காட்டி, தொழிலாளர்களுக்கு உடல்நல பாதிப்பு ஏற்பட்டதற்கு ஆதாரம் இல்லை என்ற நிலைப்பாட்டிலேயே நின்றது.

அறிக்கைக்கு அறிக்கை. வாய்தாவுக்கு வாய்தா. கொடைக்கானலிலிருந்து சென்னை உயர் நீதிமன்றத்துக்கு ஒரு முறை வந்துபோக இரண்டு ராத்திரி பஸ். வேலைக்குச் சேர்ந்தபோது இருபதுகளில் இருந்தவர்கள் ஐம்பதைத் தொட்டுவிட்டார்கள். செய்தித்தாள்களில் அவ்வப்போது உள்பக்கத்தில் ஒரு பத்தி வரும். அவ்வளவுதான்.

எழுத்தாளரும் சூழலியல் செயற்பாட்டாளருமான நித்யானந்த் ஜெயராமன் இந்த விவகாரத்தைத் தொடக்கத்திலிருந்தே பின்தொடர்ந்தவர்களில் ஒருவர். சென்னையின் வெட்டிவேர் கலெக்டிவ் என்ற தன்னார்வக் குழுவும், ஜட்கா என்ற இணையப் பிரசார அமைப்பும் 2015இல் கைகோத்தன. இவர்களிடம் தரவு இருந்தது, ஆவணம் இருந்தது. இல்லாதது ஒன்றுதான்: கேட்க ஆள்.

யார் இந்த சோபியா?

2015க்கு முன்பே சென்னை இசை வட்டாரத்தில் தெரிந்த முகம் சோபியா அஷ்ரஃப். ஸ்டெல்லா மாரிஸ் கல்லூரிக் காலத்தில் தலையில் முக்காடோடு மேடையேறி ராப் செய்ததால் ஊடகங்கள் 'புர்கா ராப்பர்' என்று பட்டம் கட்டின. அந்தப் பட்டத்தைப் பின்னாளில் அவர் தாண்டி வந்துவிட்டார். விளம்பரத் துறையில் காப்பிரைட்டராக வேலை பார்த்தவர். ஏ.ஆர்.ரஹ்மான் இசையில் 'ஜப் தக் ஹே ஜான்' (2012), 'மரியான்' (2013) படங்களில் ராப் பகுதிகள் செய்திருக்கிறார்.

இதில் இரண்டு விஷயம் முக்கியம். ஒன்று, கம்பெனிகளைப் பற்றிப் பாடுவது அவருக்குப் புதிதில்லை. போபால் விஷவாயு விவகாரத்தில், யூனியன் கார்பைடை வாங்கிய டவ் கெமிக்கல்ஸைக் குறிவைத்து, 'அங்கே வேலைக்குப் போகாதீங்க' என்று கல்லூரி மாணவர்களிடம் சொல்லும் ராப் ஒன்றை முன்பே பாடியிருந்தார். கேம்பஸ் இன்டர்வியூ கனவில் இருக்கும் பசங்களிடம் போய் இதைச் சொல்ல ஒரு தைரியம் வேணும். இரண்டு, விளம்பரம் எழுதியவருக்கு ஒரு பிராண்டு எதை நினைத்துப் பயப்படும் என்று தெரியும். வழக்கு, அபராதம் எல்லாம் பட்ஜெட்டில் வரும். பெயர் கெடுவது வராது.

ட்யூன் அமெரிக்கா, வரி கொடைக்கானல்

புதுசா ட்யூன் போடவில்லை. 2014இல் உலகத்தையே ஆட்டிவைத்த நிக்கி மினாஜின் 'அனகோண்டா'வை எடுத்துக்கொண்டார்கள். அமெரிக்காவின் பில்போர்டு பட்டியலில் இரண்டாம் இடம் வரை போன பாட்டு அது. அதன் வீடியோ வெளியான 24 மணி நேரத்தில் 1.96 கோடி பார்வைகள் பெற்று வீவோ தளத்தின் அன்றைய சாதனையை உடைத்தது. உடலையும் கவர்ச்சியையும் கொண்டாடும் அந்தப் பாட்டை ஒரு சுற்றுச்சூழல் பிரசாரத்துக்கு எடுப்பதா என்று முகம் சுளித்தவர்கள் உண்டு.

ஆனால் ஹிப் ஹாப் வரலாற்றைப் பார்த்தால் இது அதன் ரத்தத்திலேயே இருக்கும் பழக்கம். 1970களில் நியூயார்க்கின் பிராங்ஸ் பகுதியில் டிஜேக்கள் மற்றவர்களின் ரெக்கார்டுகளில் தாளம் மட்டும் வரும் துண்டுகளைத் திரும்பத் திரும்ப ஓட்டினார்கள். அதன் மேல் பேசிப் பேசித்தான் ராப் பிறந்தது. 'அனகோண்டா'வே சர் மிக்ஸ்-எ-லாட்டின் 1992 ஹிட்டான 'பேபி காட் பேக்' பாடலிலிருந்து எடுத்த துண்டின் மேல் கட்டப்பட்டது. அந்தப் பாட்டில் ஓர் ஆண் பெண்களின் உடலைப் பற்றிப் பேசினார். 22 வருஷம் கழித்து நிக்கி அதே துண்டை எடுத்து ஒரு பெண்ணின் பக்கத்திலிருந்து பதில் சொன்னார். அடுத்த வருஷமே சோபியா அதே ஓசையைத் தூக்கி ஒரு மலை ஊரின் வாயில் வைத்தார். சியாட்டில், நியூயார்க், கொடைக்கானல். இதைத் திருட்டு என்பதைவிடக் கைமாற்று என்று சொல்வது பொருத்தம்.

தலைப்பிலேயே வித்தை இருக்கிறது. மூலப் பாட்டின் கோரஸ் 'டோன்ட்' என்ற சொல்லில் போய் இடிக்கும். கேட்டவர் யாருக்கும் அந்த இடி மறக்காது. அதே இடத்தில் சோபியா 'வோன்ட்' என்று வைக்கிறார். 'கொடைக்கானல்' என்ற நீளமான ஊர்ப்பெயர் 'அனகோண்டா'வின் அசைகளுக்குக் கிட்டத்தட்ட கச்சிதமாகப் பொருந்துகிறது. காது பழைய பாட்டை எதிர்பார்க்கிறது, மூளைக்குப் புதுச் செய்தி வந்து விழுகிறது. தெரிந்த ட்யூனில் தெரியாத விஷயம். நம்ம ஊர் தேர்தல் பிரசாரத்தில் சினிமாப் பாட்டு மெட்டில் வேட்பாளர் பெயரைச் செருகுவதும் இதே டெக்னிக்தான். ஆட்டோவில் மைக் கட்டிப் போனவர்களுக்கு இது ரொம்ப நாளாகத் தெரியும்.

வரிகளில் அலங்காரம் குறைவு. நிறுவனம் வந்தது, கழிவை விட்டுப் போனது, மண் கெட்டது, தொழிலாளர்களுக்கு இழப்பீடு வரவில்லை, சுத்தம் செய் என்ற வரிசைதான். ஹிப் ஹாப்பில் 'டிஸ் டிராக்' என்று ஒன்று உண்டு. ஒரு ராப்பர் இன்னொரு ராப்பரின் பெயரைச் சொல்லியே வம்புக்கு இழுக்கும் பாட்டு. இதுவும் டிஸ் டிராக்தான். எதிரே நின்றது ராப்பர் அல்ல, பங்குச் சந்தையில் பட்டியலிடப்பட்ட நிறுவனம். வீடியோவை இயக்கியவர் ரதீந்திரன் ஆர். பிரசாத். பார்ப்பதற்கு ஆவணப்பட வாடையே இல்லாமல், சாதாரண மியூசிக் வீடியோ மாதிரியே இருந்ததும் அது பரவியதற்குக் காரணம்.

வைரலான அந்த ஆகஸ்ட்

வெளியான சில நாள்களிலேயே பார்வைகள் பத்து லட்சத்தைத் தாண்டின. ட்விட்டரில் டிரெண்ட். பிபிசி, கார்டியன் தொடங்கி உலக ஊடகங்கள் எழுதின. பிறகு வந்ததுதான் பெரிய திருப்பம்: நிக்கி மினாஜே அந்த வீடியோவைத் தன் ட்விட்டர் பக்கத்தில் பகிர்ந்தார். தன் பாட்டை அனுமதி இல்லாமல் எடுத்தவர்கள் மேல் ஒரு நட்சத்திரம் வழக்குப் போட்டிருக்கலாம். அவர் கோடிக்கணக்கான ரசிகர்களிடம் கொண்டுபோய்ச் சேர்த்தார். காப்புரிமைச் சிக்கல் வருமோ என்ற கேள்விக்கு அதோடு வேலை இல்லாமல் போனது.

யூனிலீவரின் அப்போதைய உலகத் தலைவர் பால் போல்மனும் ட்விட்டரிலேயே பதில் சொல்ல வேண்டிய நிலை. தீர்வுக்காக முனைப்பாக வேலை செய்கிறோம், ஆனால் உணர்ச்சிகளைவிட உண்மைகள் வேண்டும் என்ற தொனியில் இருந்தது அவர் பதில். பாதிப்பு நிரூபிக்கப்படவில்லை என்ற பழைய நிலைப்பாட்டை இந்திய நிறுவனமும் திரும்பச் சொன்னது.

போல்மன் சாதாரண சிஇஓ இல்லை. நீடித்த வளர்ச்சி, பசுமை வணிகம் என்று உலக மேடைகளில் பேசுபவர். அதே 2015இல் ஐ.நா. சுற்றுச்சூழல் அமைப்பின் 'சாம்பியன்ஸ் ஆஃப் தி எர்த்' விருது பெற்றவர். ஆகஸ்டில் கொடைக்கானல் ராப், அடுத்த மாதம் பூமியின் சாம்பியன் விருது. சுற்றுச்சூழலைப் பற்றி வாயே திறக்காத ஒரு கம்பெனியாக இருந்திருந்தால் இந்தப் பாட்டு இவ்வளவு உறுத்தியிருக்குமா என்பது சந்தேகம். பேசிய வாக்கும் கிடந்த மண்ணும் பொருந்தாததுதான் ஜோக்காகவும் கோபமாகவும் மாறியது.

கோபத்தை எங்கே கொண்டுபோய்ச் சேர்ப்பது என்பதையும் பிரசாரக் குழு முன்கூட்டியே யோசித்திருந்தது. வீடியோ முடிந்ததும் கையெழுத்திட ஒரு மனு. லட்சத்துக்கும் அதிகமானோர் அதில் கையெழுத்திட்டார்கள். 'செம பாட்டு' என்று ஷேர் பண்ணிவிட்டு அடுத்த வீடியோவுக்குத் தாவும் விரலை இன்னொரு பத்து விநாடி நிறுத்தி வைத்த வேலை அது.

591 பேர், ஓர் ஒப்பந்தம்

2016 மார்ச்சில் செய்தி வந்தது. சென்னை உயர் நீதிமன்றத்தில் நிலுவையில் இருந்த வழக்கில், ஹிந்துஸ்தான் யூனிலீவரும் முன்னாள் தொழிலாளர் சங்கமும் சமரசத்துக்கு வந்துவிட்டன. 591 முன்னாள் தொழிலாளர்களுக்கும் அவர்களின் குடும்பங்களுக்கும் கருணைத் தொகை. எவ்வளவு என்பது வெளியிடப்படவில்லை. அது ஒப்பந்தத்தின் ஒரு பகுதி.

'கருணைத் தொகை' என்ற சொல்லைக் கொஞ்சம் நின்று பார்க்கணும். இழப்பீடு என்றால் 'எங்களால் பாதிப்பு வந்தது' என்று ஏற்பதாக ஆகும். கருணைத் தொகை என்றால் அப்படி இல்லை. மனிதாபிமான அடிப்படையில் கொடுக்கிறோம், பொறுப்பை ஏற்கவில்லை என்று அர்த்தம். வீட்டு வாசலில் வந்து நிற்கும் பணம் ஒன்றுதான். ஆனால் சட்டப் புத்தகத்தில் அது வேறு கணக்கு. பாதரசத்தால்தான் தொழிலாளர்கள் நோயுற்றார்கள் என்ற தீர்ப்பு அன்றும் வரவில்லை. 15 வருஷம் காத்திருந்த ஒருவர் கொள்கையைப் பார்த்துத் தொகையை வேண்டாம் என்று சொல்லியிருக்க வேண்டும் என எதிர்பார்ப்பதும் நியாயமில்லை. கிட்னி டெஸ்டுக்கும் பிள்ளைகள் ஃபீஸுக்கும் தீர்ப்பு வரும் வரை தவணை கிடைக்காது.

சரி, இது பாட்டால் வந்ததா? நேர்மையாகச் சொன்னால், பாட்டால் மட்டும் வரவில்லை. 2006இல் போட்ட வழக்கு இல்லையென்றால் சமரசம் பதிவாக ஓர் இடமே இருந்திருக்காது. சங்கம் கலைந்து போயிருந்தால் 591 பேரின் பட்டியலே இருந்திருக்காது. பாட்டு செய்தது வேறு வேலை: இழுத்துக்கொண்டே போவதற்கான விலையை ஏற்றியது. பத்து வருஷம் மெதுவாக நகர்ந்த வழக்கு, பாட்டு வந்த ஏழாவது மாதம் முடிந்ததை வெறும் தற்செயல் என்று சொல்வதும் கஷ்டம்.

இன்னொரு கேள்வியும் அப்போதே எழுந்தது. பாதிக்கப்பட்டவர்கள் தமிழ் பேசும் தொழிலாளர்கள். பாட்டோ இங்கிலீஷ். யாருக்காகப் பாடப்பட்டதோ அவர்களில் பலருக்கு வரிகள் புரியாது. இது நியாயமான விமர்சனம்தான். ஆனால் பாட்டின் முகவரி வேறு. அது தொழிலாளர்களிடம் போய் 'உங்களுக்கு இப்படி நடந்தது' என்று சொல்லவில்லை. அது அவர்களுக்கு யாரையும்விட நன்றாகத் தெரியும். லண்டனில் தலைமையகம் வைத்திருப்பவர்களுக்கும், ஆபீஸ் வைஃபையில் யூடியூப் பார்க்கும் பெங்களூரு, மும்பை இளைஞர்களுக்கும் எழுதிய கடிதம் அது. கடிதத்தை வாங்குபவருக்குத் தெரிந்த மொழியில்தான் எழுத முடியும். அதே சமயம், ஊரில் 15 வருஷம் தமிழில் போட்ட கோஷம் எட்டாத இடத்துக்கு மூணு நிமிட இங்கிலீஷ் எட்டியது என்பது, பாட்டைவிட நம்மைப் பற்றித்தான் அதிகம் சொல்கிறது.

பணம் வந்தது, மண்?

பிரசாரத்தின் கோரிக்கைகள் இரண்டு. தொழிலாளர்களுக்கு நியாயம், மண்ணுக்குச் சுத்திகரிப்பு. முதலாவதில் ஒரு முடிவு வந்தது. இரண்டாவதில் சண்டை ஓர் எண்ணில் வந்து நின்றது: 20.

ஒரு கிலோ மண்ணில் 20 மில்லிகிராம் பாதரசம் வரை இருக்கலாம் என்ற அளவுக்குச் சுத்தம் செய்தால் போதும் என்பது அனுமதிக்கப்பட்ட திட்டம். பிரிட்டனில் குடியிருப்புப் பகுதி மண்ணுக்கான வழிகாட்டு அளவு கிலோவுக்கு 1 மில்லிகிராம் என்று சுட்டிக்காட்டினார்கள் செயற்பாட்டாளர்கள். அதாவது யூனிலீவரின் சொந்த ஊரில் ஏற்காத அளவைப்போல இருபது மடங்கு கொடைக்கானலுக்குப் போதுமா என்பது அவர்கள் கேள்வி. நிறுவனத் தரப்பின் பதில் இதுதான்: இன்னும் கடுமையான அளவுக்குப் போனால் கூடுதல் மண்ணைத் தோண்ட வேண்டும், மரங்களை வெட்ட வேண்டும், அது சோலைக் காட்டுக்கே ஆபத்து; நிபுணர் ஆய்வுகளின்படி இந்த இடத்துக்கு 20 பாதுகாப்பானது. இரண்டு பக்கமும் காட்டைக் காப்பாற்றத்தான் பேசுகிறோம் என்றது. கேட்பவருக்குத் தலை சுற்றும்.

2018இல் இரண்டாவது பாட்டு வந்தது: 'கொடைக்கானல் ஸ்டில் வோன்ட்'. இந்த முறை சோபியாவுடன் கர்நாடக இசைக் கலைஞர் டி.எம்.கிருஷ்ணா, ராக் பாடகர் அம்ரித் ராவ். இயக்கம் மீண்டும் ரதீந்திரன். இடையில் 2017இல் எண்ணூர் கழிமுகத்துக்காக கிருஷ்ணா பாடிய 'சென்னை புறம்போக்கு பாடல்' வந்திருந்தது. அதற்குப் பின்னாலும் பெரும்பாலும் இதே கூட்டணிதான். அதனால் ராப்போடு ராகம் சேர்ந்தது யாருக்கும் ஆச்சரியமாக இல்லை.

ஆனால் முதல் பாட்டு கிளப்பிய புயல் இரண்டாவதுக்கு வரவில்லை. காரணம் யூகிக்கக் கூடியதுதான். இழப்பீடு கிடைக்காத தொழிலாளி என்றால் உடனே புரிகிறது; மனசு நிற்கிறது. கிலோவுக்கு எத்தனை மில்லிகிராம் என்பதற்கு ஹூக் எழுதுவது எந்த ராப்பருக்கும் கஷ்டம். 'அனகோண்டா' மாதிரி காதில் ஏற்கெனவே உட்கார்ந்திருக்கும் ட்யூனும் இந்த முறை துணைக்கு இல்லை. போதாததற்கு, '2016லயே செட்டில் ஆயிடுச்சே' என்று பலரும் கதையை மூடி வைத்துவிட்டிருந்தார்கள். முதல் பாட்டின் வெற்றியே இரண்டாவதற்குத் தடையாக நின்றது.

20 என்ற அளவை எதிர்த்த வழக்கு பசுமைத் தீர்ப்பாயத்துக்கும் போனது. அங்கேயும் அந்த எண் மாறவில்லை. மண்ணை அள்ளி, கழுவி, அதிகம் கலந்திருக்கும் பகுதியை உலையில் சூடாக்கிப் பாதரசத்தை ஆவியாக்கிப் பிடிக்கும் முறைதான் சுத்திகரிப்புக்குத் தேர்வானது. தெர்மாமீட்டர் செய்தபோது கட்டுக்குள் நிற்காத அதே ஆவியை, இப்போது குளிரவைத்துச் சொட்டுச் சொட்டாகச் சேகரிக்கும் வேலை.

இதற்கிடையில் அந்தத் தெர்மாமீட்டரே காலாவதியாகிவிட்டது. ஜப்பானில் பாதரசம் கலந்த மீனைத் தின்று ஆயிரக்கணக்கானோர் பாதிக்கப்பட்ட மினமாட்டா நகரத்தின் பெயரில் ஒரு சர்வதேச ஒப்பந்தம் 2017இல் நடைமுறைக்கு வந்தது. பாதரசத் தெர்மாமீட்டர் தயாரிப்பையும் ஏற்றுமதி இறக்குமதியையும் 2020க்குள் படிப்படியாக நிறுத்த வேண்டும் என்று அது சொன்னது. சரியாக அந்த வருஷம்தான் கொரோனா வந்தது. ஆபீஸ் வாசல், மால் வாசல், கொடைக்கானல் மலைப்பாதை செக்போஸ்ட் என எல்லா இடத்திலும் நம் நெற்றிக்கு நேராக ஒரு வெள்ளைத் துப்பாக்கி நீண்டது. அதற்குள் பாதரசம் இல்லை.